ஆறு மாதமும் போயிற்று, 38,500 ரூபாயும் போயிற்று

கோபம் தணிந்த பிறகு எழுதலாம் என்று முந்தாநாளிலிருந்து பார்க்கிறேன். தணிகிற வழியாக இல்லை.

பிப்ரவரி 9ஆம் தேதி காலை, அப்பா கிரயம் வாங்கிய பன்னிரண்டு சென்ட் மனையில் பக்கத்து நிலத்துக்காரர் கல்தூண் நட்டு முள்கம்பி இழுத்துவிட்டார். கேட்டதற்கு, "இது எங்கள் பாட்டன் சொத்து, கோர்ட்டில் பார்த்துக்கொள்" என்றார். வெளியூரில் இருந்த நான் பதற்றத்தில் வழக்கறிஞரைத் தேடாமல் கைபேசியைத் தேய்த்தேன். பத்திரம், பட்டா, வழக்கு எல்லாவற்றையும் ஒரே இடத்தில் முடித்துத் தருவதாகச் சொல்லும் இணையச் சேவை ஒன்று கிடைத்தது. பெயர் வேண்டாம், இந்த வகையில் எத்தனையோ இருக்கின்றன.

அன்று மாலையே ஒரு பெண் பேசினார். என் புல எண், உட்பிரிவு, பரப்பு, அப்பாவின் பெயர் எல்லாவற்றையும் மடமடவென்று வாசித்தார். "பட்டா உங்கள் அப்பா பேரிலேயே இருக்கிறது சார். பாதி வழக்கு வென்ற மாதிரிதான். நிம்மதியாக இருங்கள்." அந்த 'நிம்மதி'யில்தான் விழுந்தேன். இவ்வளவு விவரம் கையில் வைத்திருக்கிறார்களே என்று நம்பி 38,500 ரூபாயை அனுப்பினேன். படிவத்தில் நானே கொடுத்த புல எண்ணைத் தமிழக அரசின் தளத்தில் தட்டினால் இதெல்லாம் யாருக்கும் இலவசமாக வரும் என்பது அப்போது உறைக்கவில்லை.

மார்ச்சில் அழகான கோப்பு ஒன்று வந்தது. உள்ளே பட்டா, வருவாய்த் துறையின் நிலப் பதிவேடான அ-பதிவேடு, வில்லங்க விவரம். மூன்றும் காசில்லாமல் பார்க்கக்கூடியவை. வழக்கு எப்போது என்று கேட்டால், "மூத்த குழுவின் பார்வையில் இருக்கிறது சார்." மே மாதம் கோடை விடுமுறை என்றார்கள், அது ஒன்றுதான் உண்மை. ஜூனில் பத்திர நகல் மங்கலாக இருக்கிறதாம். மூன்று முறை அனுப்பினேன். ஜூலையில் வேறொரு குரல்: "உங்கள் பிரச்சினையை முதலிலிருந்து சொல்ல முடியுமா சார்?" பணத்தைத் திருப்பிக் கேட்டேன். பணி தொடங்கிய பின் தொகை திரும்பாதாம். பணியாம்! 38,500 ரூபாய்க்கு அச்செடுத்துக் கொடுத்த பணி.

முந்தாநாள் ஒரு மூத்த வழக்கறிஞரைப் பார்த்தேன். அவர் அந்தக் கோப்பைப் புரட்டக்கூட இல்லை. "வேலி என்றைக்குப் போட்டான் தம்பி?" என்றுதான் கேட்டார். தேதியைச் சொன்னதும் பேனாவைக் கீழே வைத்துவிட்டார்.

1963ஆம் ஆண்டின் குறிப்பிட்ட பரிகாரச் சட்டத்தில் 6ஆவது பிரிவு என்று ஒன்று இருக்கிறது. சம்மதமில்லாமல், சட்டத்துக்குப் புறம்பாக நம்மை வெளியேற்றினால், ஆறு மாதத்துக்குள் வழக்குப் போட்டு, நிலம் யாருடையது என்ற கேள்விக்கே போகாமல் சுவாதீனத்தை, அதாவது நிலம் நம் கைவசம் இருப்பதை, மீட்கலாம். முன்பு நாம் சுவாதீனத்தில் இருந்ததைக் காட்டினால் போதும். எனக்கு அந்த வாசல் ஆகஸ்டில் மூடிவிட்டது. அவர்கள் 'மூத்த குழு' என்று சொல்லிக்கொண்டிருந்த நாட்கள்தான் அந்த நாட்கள்.

இனி உரிமை விளம்புகையும் (நிலம் என்னுடையது என்ற நீதிமன்ற அறிவிப்பு) சுவாதீனமும் சேர்த்துக் கேட்க வேண்டும். அதற்குப் பன்னிரண்டு ஆண்டு காலக்கெடு இருக்கிறது. ஆனால் எதிராளியின் பத்திரம் ஓட்டை என்று காட்டினால் மட்டும் நான் வெல்ல முடியாது. அப்பாவுக்கு விற்றவருக்கு நிலம் எப்படி வந்தது என்று தாய்ப்பத்திரம் வரை நானே நிரூபிக்க வேண்டும். பட்டா? "அது வருவாய்த் துறைக் கணக்கு தம்பி, அது மட்டும் உரிமையைத் தராது" என்றார். அந்த இணையச் சேவைக்காரர்கள் அனுப்பியிருந்த வழக்குரை வரைவிலோ வெறும் நிரந்தர உறுத்துக்கட்டளை, அதாவது எதிராளி தலையிடக் கூடாது என்ற தடை, மட்டும். சுவாதீனம் போனவன் அதை மட்டும் கேட்டால் நிற்காது என்று 2008இல் அனத்துலா சுதாகர் வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டதாம்.

பத்து யோசனை எழுதலாம் என்று உட்கார்ந்தேன், மனம் நிலைகொள்ளவில்லை. வேலி போட்ட அன்றைக்கே படம் எடுங்கள், தேதியைக் குறித்துவையுங்கள். வழக்கறிஞரின் பெயரையும் பதிவு எண்ணையும் சொல்லாத இடத்தில் பணம் கட்டாதீர்கள். பட்டா போதும் என்று யாராவது சொன்னால் எழுந்து வந்துவிடுங்கள். நாளை காலை சார்பதிவாளர் அலுவலகத்தில் தாய்ப்பத்திர நகலுக்கு மனுப் போட வேண்டும். 38,500 ரூபாய் வாங்கியவர்கள் அந்த ஒரு நகலைக்கூட எடுத்திருக்கவில்லை.