பார்த்துவிட்டு அச்சிடுவதா, அச்சிட்டுவிட்டுப் பார்ப்பதா?

வழிகாட்டியோடு காட்சிக்கூடத்தைச் சுற்றிப் பார்க்க வேண்டும். அதோடு உளியும் ரோலரும் கையில் பிடித்து நாமே ஓர் அச்சோவியம் செய்துவிட்டு வர வேண்டும். இரண்டையும் ஒரே டிக்கெட்டில் சேர்த்துத் தரும் கலை அருங்காட்சியகங்கள் இருக்கின்றன. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. எதை முதலில் வைத்துக்கொள்வது என்பதைப் பற்றி மட்டும் யாரும் யோசிப்பதில்லை. நான் மூன்று விதமாகவும் போய்ப் பார்த்துவிட்டேன்: காலையில் சுற்று, மதியம் பட்டறை; காலையில் பட்டறை, மதியம் சுற்று; ஒரு வார இடைவெளியில் தனித்தனியாக. மூன்றுக்கும் செலவான நேரம் ஏறக்குறைய ஒன்றுதான். கொண்டுவந்தது ஒன்றல்ல.

முதலில் பார்த்துவிட்டு அப்புறம் செய்வதுதான் ஏற்பாட்டாளர்களுக்குப் பிடித்த வரிசை. கண் பார்த்தால் கை செய்யும் என்ற கணக்கு. நானும் அப்படித்தான் நம்பிப் போனேன். ஜெர்மன் ஓவியர் ஆல்பிரெக்ட் டியூரர் 1515-இல் வெளியிட்ட காண்டாமிருக அச்சோவியத்தின் முன்னால் எங்களை நிறுத்தினார் வழிகாட்டி. குஜராத் சுல்தான் கொடுத்த அந்த விலங்கு கப்பலேறி லிஸ்பனில் இறங்கியதையும், நியூரம்பெர்க்கில் இருந்த டியூரர் அதைக் கண்ணால் காணாமலே, வந்து சேர்ந்த விவரத்தையும் ஒரு கோட்டோவியத்தையும் வைத்து வரைந்ததையும் சுவையாகச் சொன்னார். தோலுக்குப் பதில் இரும்புக் கவசம் போட்டதுபோன்ற உடம்பு. முதுகில் இல்லாத ஒரு குட்டிக் கொம்பு. எல்லோரும் சிரித்தோம். ‘இது மரச்செதுக்கு’, அதாவது மரக்கட்டையில் செதுக்கி அச்சிட்டது, என்று அவர் முடித்தபோது தலையாட்டினோம். அடுத்த சுவரில் ‘இது எட்சிங்’, அதாவது உலோகத் தகட்டை அமிலத்தால் அரித்து அச்சிட்டது, என்றார். அதற்கும் தலையாட்டினோம். உண்மையில் இரண்டும் எங்களுக்கு வெள்ளைத் தாளில் கறுப்புக் கோடுகள்தான்.

கதையை ரசித்தோம், கோட்டைப் பார்க்கவில்லை. ஒன்றரை மணி நேரம் நின்றே நடந்ததில் கால் கடுத்தது வேறு. அருங்காட்சியகச் சோர்வு என்பது புதுப் புகார் அல்ல. 1916-லேயே பெஞ்சமின் ஐவ்ஸ் கில்மன் என்பவர், காட்சிப் பொருள்களைப் பார்க்க ஒரு மனிதர் எப்படியெல்லாம் குனிந்து, வளைந்து, எட்டிப் பார்க்க வேண்டியிருக்கிறது என்பதைப் புகைப்படங்களோடு எழுதிக் காட்டினார். அந்தக் களைப்போடு பட்டறை மேசையில் உட்கார்ந்தால் இன்னொரு சங்கடம் காத்திருக்கிறது: ஆசை. டியூரரைப் பார்த்துவிட்டு வந்த கை சும்மா இருக்குமா? அஞ்சலட்டை அளவு லினோலியத் துண்டில் ஒரு முழு மரத்தை இலை இலையாகச் செதுக்கத் தொடங்கினேன். ஒரு மணி நேரத்தில் பதினோரு இலை. மீதி மரம் மொட்டையாகவே அச்சேறியது.

இந்த வரிசைக்கு ஒரு நல்ல பக்கமும் உண்டு. எதை வரைவது என்று தெரியாமல் வெற்றுத் தாளை முறைத்துக்கொண்டிருப்பவர்களுக்கு, பார்த்துவிட்டு வந்த பத்துப் படங்கள் கைகொடுக்கும். என் பக்கத்தில் இருந்தவர் காண்டாமிருகத்தின் காதை மட்டும் எடுத்துக்கொண்டு அழகாக முடித்துவிட்டார். அவர் கெட்டிக்காரர்.

இரண்டாம் முறை தலைகீழாகப் போனேன். காலை பத்து மணிக்குப் பட்டறை. லினோலியம் என்பது ஆளிவிதை எண்ணெயும் தக்கைத் தூளும் கலந்து சணல் துணிமேல் படிய வைத்த தரைவிரிப்புப் பொருள்தான். கொஞ்சம் சூடுகாட்டினால் உளிக்கு இணங்கி வரும், குளிர்ந்திருந்தால் சில்லுச் சில்லாக உடையும். துண்டைப் பிடிக்கும் கை எப்போதும் உளிக்குப் பின்னால் இருக்க வேண்டும். இந்த ஒரு விதியைப் பயிற்சியாளர் நான்கு முறை சொன்னார், ஐந்தாவது முறை சொல்வதற்குள் ஒருவர் விரலில் பிளாஸ்திரி. ரோலரைக் கண்ணாடிமேல் உருட்டும்போது மை சரியான பதத்துக்கு வந்ததை ஓசையே சொல்லிவிடும்: சளசளவென்று இருந்தால் மை அதிகம், மெல்லிய சரசரப்பாக மாறினால் போதும். தாளை மேலே வைத்து, கரண்டியின் முதுகால் தேய்த்து, ஒரு மூலையை மட்டும் தூக்கிப் பார்க்கும் அந்த நொடி இருக்கிறதே, அதை எழுதிப் புரியவைக்க முடியாது.

செதுக்கி எடுத்த இடம் வெள்ளை, விட்டுவைத்த இடம் கறுப்பு. சொல்லும்போது சாதாரணமாக இருக்கிறது. ஆனால் மெல்லிய ஒரு கறுப்புக் கோடு வேண்டுமென்றால் அந்தக் கோட்டைத் தொடாமல் அதன் இருபுறமும் வெட்டி எடுக்க வேண்டும் என்பது கைக்குத் தெரிய வரும்போது நிலைமை வேறு. என் ஒரே ஒரு பூனை மீசைக்கு இருபது நிமிடம் ஆயிற்று. அதுவும் அச்சில் நடுவே அறுந்து வந்தது.

மதியம் அதே காண்டாமிருகத்தின் முன் நின்றேன். முதுகுக் கொம்பு கண்ணில் படவே இல்லை. கழுத்தடியிலும் வயிற்றோரத்திலும் கோடுகள் ஒன்றையொன்று வெட்டிக்கொள்ளும் நிழல்தான் பட்டது. பேனாவில் அது நொடி வேலை, குறுக்கும் நெடுக்குமாக இழுத்தால் முடிந்தது. மரத்தில், கோடுகளுக்கு இடையே சிக்கும் ஒவ்வொரு குட்டிக் கட்டத்தையும் தனித்தனியாகக் குடைந்து எடுக்க வேண்டும். டியூரர் வரைந்தார், கட்டையைச் செதுக்கியவர் வேறொரு தொழிலாளி என்று வழிகாட்டி சொன்னபோது, முதல் முறை காதில் விழாத அந்தத் தகவல் இந்த முறை மணிக்கட்டில் விழுந்தது. ஜப்பானிய ஓவியர் ஹொக்குசாயின் புகழ்பெற்ற பேரலை அச்சோவியமும் அப்படித்தான்: வரைந்தவர், செதுக்கியவர், மை பூசி அச்சிட்டவர், பணம் போட்டு வெளியிட்டவர் எல்லோரும் வேறு வேறு ஆட்கள். பக்கத்தில் வைக்கும் விளக்க அட்டையில் ஒரு பெயர்தான் இருக்கிறது.

எழுத்து விவகாரம் இன்னொன்று. அச்சில் எல்லாம் இடவலம் மாறி விழும். அதை நன்றாகக் கேட்டுக்கொண்ட பிறகும், என் பெயரின் முதல் எழுத்தை மூலையில் நேராகவே செதுக்கிவைத்தேன். தாளில் அது கண்ணாடியில் பார்த்ததுபோல் திரும்பி வந்தது. எதிர் மேசைக்காரரின் பெயர் ‘ப’வில் தொடங்குகிறது. எந்தப் பக்கம் திருப்பினாலும் ப, ப தான். சிலருக்கு அப்படி ஒரு கொடுப்பினை. காண்டாமிருகத்தின் மேல் இருக்கும் 1515 என்ற எண்ணும் டியூரரின் முத்திரையெழுத்தும் கட்டையில் திருப்பிச் செதுக்கப்பட்டவை என்பதை அன்று எங்கள் குழுவில் என்னைவிட மரியாதையோடு யாரும் பார்த்திருக்க மாட்டார்கள். கண் பார்த்தால் கை செய்யும் என்ற பழமொழியையும் அச்சுக்கட்டையில் இருப்பதுபோல் திருப்பித்தான் படிக்க வேண்டும் போலிருக்கிறது.

இந்த வரிசையின் தொல்லைகளையும் சொல்லிவிட வேண்டும். பட்டறை என்றைக்கும் சொன்ன நேரத்துக்கு முடியாது; சுற்று உங்களுக்காகக் காத்திருக்காது. நகக்கண்ணில் மை. ஒரே படத்தின் முன் கால்மணி நேரம் நிற்கத் தோன்றும், குழுவோ அடுத்த அறைக்குப் போய்விட்டிருக்கும். அதனால் இருபது முப்பது படங்களைக் காட்டும் நீண்ட சுற்றைவிட, ஐந்தாறு அச்சோவியங்களோடு நின்றுவிடும் குறுகிய சுற்றே பட்டறைக்குப் பின் பொருந்தும்.

ஒரு வாரம் தள்ளிப் பிரித்து வைத்துக்கொள்வது? ஏற்கெனவே உளி பிடித்துப் பழகியவர்களுக்குச் சரி. புதியவர்களுக்கு வேண்டாம், ஒரு வாரத்தில் கை எல்லாவற்றையும் மறந்துவிடுகிறது. ஒரே ஒரு காரணத்துக்காக மட்டும் நான் பிரித்து வைத்துக்கொள்வேன். தாள்மேல் இருக்கும் கலைப்பொருள்கள் ஒளியில் மங்கும். அதனால் ஏறக்குறைய 50 லக்ஸ் அளவு மங்கலான வெளிச்சத்தில் சில மாதம் காட்டிவிட்டு, மறுபடியும் இருட்டுப் பெட்டிக்குள் ஓய்வுக்கு அனுப்பிவிடுவார்கள். பெரிய அருங்காட்சியகங்கள் சிலவற்றில், முன்கூட்டியே எழுதிக் கேட்டால், ஆய்வறையில் அந்தப் பெட்டிகளைத் திறந்து காட்டுவார்கள். நடுவே கண்ணாடி இல்லாமல், ஒரு முழம் தூரத்தில் ஸ்பானிய ஓவியர் கோயாவின் அச்சோவியக் கறுப்பைப் பார்ப்பதற்கு ஒரு வாரம் என்ன, ஒரு மாதம்கூடக் காத்திருக்கலாம்.

இதே காரணத்தால்தான் பதிவு செய்யும் முன் ஒரு கேள்வியைக் கேட்டே ஆக வேண்டும்: ‘அன்றைக்கு அச்சோவியங்கள் சுவரில் இருக்குமா?’ ஒருமுறை கேட்காமல் போனேன். தாள் ஓவிய அறை மாற்று ஏற்பாட்டுக்காக மூடியிருந்தது. வழிகாட்டி எங்களை எண்ணெய் ஓவியங்களைச் சுற்றிக் காட்டிவிட்டு, லினோ பட்டறையில் கொண்டுவந்து விட்டார். கல்யாண வீட்டுக்குப் போய்ப் பக்கத்து மண்டபத்தில் சாப்பிட்டுவிட்டு வந்ததுபோல் ஆயிற்று.

எந்த உத்தியைத் தேர்ந்தெடுப்பது என்பதும் சுவரில் என்ன இருக்கிறது என்பதைப் பொறுத்ததே. மரச்செதுக்குகளும், பிக்காசோ ஒரே துண்டை வண்ணத்துக்கு வண்ணம் மேலும் மேலும் வெட்டிக்கொண்டே போய்ச் செய்த லினோகட்டுகளும் இருந்தால் லினோ பட்டறை. டச்சு ஓவியர் ரெம்பிராண்ட் இருந்தால் யோசிக்காமல் டிரைபாயிண்ட். இதில் ஊசியால் தகட்டைக் கீறும்போது, ஏர் போன சாலின் ஓரத்தில் மண் புரள்வதுபோல், கோட்டின் ஓரத்தில் பிசிறு எழும்பி நிற்கும். மை பூசித் துணியால் துடைத்தெடுக்கும்போது அந்தப் பிசிறில் மை தங்கும்; ஈரத்தாளை வைத்து எந்திரத்தில் அழுத்தினால் வெல்வெட் போன்ற கறுப்பு கிடைக்கும். நான் பிளாஸ்டிக் தகட்டில்தான் கீறினேன். முதல் பிரதியின் கறுப்பு ஆறாவதில் இல்லை. அழுத்த அழுத்தப் பிசிறு நசுங்கிவிடுகிறது.

அதன் பிறகு ரெம்பிராண்டின் ‘மூன்று சிலுவைகள்’ முன்னால் நின்றால்தான் தெரிகிறது. 1653-ஆம் ஆண்டுத் தகடு அது. பின்னால் அதே தகட்டைச் சுரண்டி, ஆட்களை அழித்து, மேலே கனத்த கோடுகளை இறக்கி, நான்காம் நிலையில் (தகட்டை மாற்றி மாற்றி அச்சிடும் ஒவ்வொரு கட்டமும் ஒரு நிலை) ஏறக்குறைய முழுவதையும் இருளில் மூழ்கடித்தார். ‘நிலை’ என்று வழிகாட்டி சொல்லும் சொல்லுக்குத் தகட்டைத் தொட்டுப் பார்த்தவருக்கே பொருள் உண்டு. டிரைபாயிண்டுக்கு அழுத்து எந்திரம் வேண்டும். அது இல்லாத பட்டறை கரண்டியைக் கொடுத்துச் சமாளிக்கப் பார்த்தால் லினோவுக்கே மாறிக்கொள்ளுங்கள்.

மோனோடைப் சுலபம்: கீறல் கிடையாது, செதுக்கல் கிடையாது, தகட்டில் மையால் வரைந்து ஒரு பிரதி எடுத்தால் முடிந்தது. சின்னக் குழந்தைகளோடு போனால் இதுதான். மோனோடைப் நிறையச் செய்த பிரெஞ்சு ஓவியர் டெகா சுவரில் இல்லாவிட்டால் சுற்றோடு இதற்கு ஒட்டுறவு குறைவு.

வழிகாட்டியும் ஒரு தேர்வுதான், அது நம் கையில் இருப்பதில்லை என்றாலும். ஆண்டுகளைச் சொல்பவரும் உண்டு, ‘இந்த இடத்தில் உளி வழுக்கியிருக்கிறது, பாருங்கள்’ என்று சொல்பவரும் உண்டு. பட்டறையை நடத்துபவரே சுற்றையும் நடத்தினால் மறுபேச்சில்லாமல் பதிவு செய்துவிடுவேன். சுற்று முன்னால்தான் என்று ஏற்பாட்டாளர்கள் அடம்பிடித்தால், பட்டறை முடிந்ததும் பதினைந்து நிமிடம் மறுபடி உள்ளே விடுவார்களா என்று கேளுங்கள். ஒரே ஒரு படத்தை மட்டும் இரண்டாம் முறை பார்த்தாலும் போதும்.

கடைசியாக ஒரு நடைமுறைச் சிக்கல். எண்ணெய் மை காய நாள்கணக்கில் ஆகும். ஈர அச்சைக் கையில் வைத்துக்கொண்டு காட்சிக்கூடத்துக்குள் போக முடியாது. பட்டறையின் உலர்த்தும் தட்டில் விட்டுவிட்டுப் போய், மூடும் முன் வந்து எடுத்துக்கொள்ள வேண்டும். நான் காண்டாமிருகத்தின் முன்னால் நேரத்தை மறந்துவிட்டேன். திரும்பி வந்தபோது பட்டறை பூட்டியிருந்தது. அடுத்த வாரம் போய் வாங்கி வந்தேன். மை நன்றாகக் காய்ந்திருந்தது. எழுத்து மட்டும் இன்னும் திரும்பியே நின்றது.