நடிக்கும்போது கேமரா யாரிடம்? ஸ்டாண்டிலா, உதவியாளர் கையிலா?

சின்னப் படத்தில் ஒளிப்பதிவும் நடிப்பும் ஒருவரே செய்யும்போது, தான் வரும் காட்சியில் கேமராவை ஸ்டாண்டில் பூட்டிவிட்டுப் போவதா, உதவியாளரிடம் தருவதா என்பதுதான் பெரிய குழப்பம்.

செலவு: ஸ்டாண்டுக்குக் கூடுதல் சம்பளம் இல்லை. உதவியாளருக்குச் சம்பளம், சாப்பாடு, பயணம் உண்டு.

ஃபோகஸ்: முடிவைத் தீர்மானிப்பது இதுதான். ஃபுல் ஃபிரேம் (பெரிய சென்சார்) கேமராவில் 50 மி.மீ. லென்ஸ், எஃப் 1.8 (லென்ஸ் துளை அகலத் திறந்த நிலை), இரண்டு மீட்டர் தூரம் என்றால் தெளிவாக இருப்பது சுமார் 17 செ.மீ. ஆழம் மட்டுமே. ஸ்டாண்டில் ஃபோகஸையும் பூட்டிவிட்டுப் போனால், வசனத்தின் நடுவே லேசாக முன்னால் சாய்ந்தாலே படத்தில் கண் மங்கிவிடும். அதே இரண்டு மீட்டரில் ஃபோகஸ் வைத்து 24 மி.மீ. லென்ஸ், எஃப் 5.6 (துளை சிறியது) என்றால் ஏறக்குறைய 1.3 மீட்டரிலிருந்து 4.7 மீட்டர் வரை தெளிவு. தரையில் டேப் ஒட்டி அந்த இடத்தில் நின்றால் போதும். ஆனால் வெளிச்சம் நிறைய வேண்டும்.

நடிப்பு: ஸ்டாண்டில் விட்டால் மனசு பாதி ஃபிரேமிலேயே இருக்கும், எதிரில் நிற்பவர் அதை உடனே உணர்வார். உதவியாளர் இருந்தால் அப்புறம் மானிட்டரில் பார்த்துக்கொள்ளலாம்.

ஒளிப்பதிவாளரே நடிக்கும்போது கேமராவை இன்னொருவரிடம் விட்டதற்கு ஓர் உதாரணம்: ‘பிளாக் ஃப்ரைடே’ இந்திப் படத்துக்கு ஒளிப்பதிவு செய்த நட்டி (நடராஜன் சுப்ரமணியம்), ‘சதுரங்க வேட்டை’யில் (2014) நாயகன். அதில் ஒளிப்பதிவு வேறொருவர்.

அசையாத அகல ஷாட், ஒன்றிரண்டு காட்சி என்றால் ஸ்டாண்ட் சரி. நெருக்கமான முகங்கள், நகரும் கேமரா, முக்கியப் பாத்திரம் என்றால் வேறு எதில் மிச்சம் பிடித்தாலும் உதவியாளரை வையுங்கள்.