டாப் பேட்டர் டை ஆச்சு, 11,333 ரூபாய் போச்சு: ஐடி வாங்கி பெட்டு கட்டுறவங்க படிங்க

11,333 ரூபாய். தோத்த பெட்டுல போன காசு இல்ல, ஜெயிச்ச பெட்டுல போன காசு. எனக்கு ஐடி (ஆன்லைன்ல பெட்டு கட்டுற கணக்கு) குடுத்த ஏஜென்ட் நேத்து ராத்திரி என் நம்பரை பிளாக் பண்ணிட்டான். கோபம் ஆறுறதுக்குள்ள எழுதிடுறேன், ஆறிட்டா எழுத வெக்கமாயிரும். எதையெல்லாம் பாத்து உஷாரா இருக்கணும்னு கடைசியில விலாவாரியா சொல்றேன்.

"சூதாடுனவனுக்கு என்னய்யா நியாயம்"னு கேக்கப் போறீங்க. கேளுங்க, பதில் இல்ல. ஆனா நிலவரத்தைப் பாருங்க. ஏப்ரல் 15லேருந்து ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம், விசைப்படகு எதுவும் கடலுக்குப் போகாது. ஐபிஎல்லோட பெரும்பகுதி அதே நாள்லதான் ஓடுது. பாம்பன், மண்டபம், தங்கச்சிமடம்னு எந்தப் பக்கம் போனாலும் படகு கரையில, பசங்க கண்ணு போன்ல. நமக்குத் தொழில் இல்லாத ரெண்டு மாசம்தான் ஐடி ஏஜென்ட்டுக்கு சீசன். நான் கட்டினது 8,000. தடைக்காலத்துக்கு அரசு குடுக்கிற நிவாரணமும் 8,000தான். இதுக்கு மேல விளக்க வேண்டியதில்ல.

பெட்டு என்னன்னா, ஒரு அணியோட டாப் பேட்டர். மேட்ச்சோட டாப் பேட்டர் இல்ல, அந்த ஒரு அணியில யாரு அதிக ரன் எடுக்குறாங்கங்கிறது. ரேட்டு 4.50, அதாவது ஜெயிச்சா ஒரு ரூபாய்க்குப் போட்ட காசும் சேத்து 4.50 திரும்ப வரும். நான் சொன்ன ஆளு 54 எடுத்தான். அதே அணியில இன்னொருத்தனும் 54. எதிரணியிலயும் ஒருத்தன் 54ல அவுட்டானான். இந்த மூணாவது ஆளை மனசுல வச்சுக்குங்க.

இப்படி டை ஆனா போடுற கணக்குக்குப் பேரு டெட் ஹீட். குதிரைப் பந்தயத்துலேருந்து வந்த வார்த்தை. கட்டின காசை டை ஆன ஆள் எண்ணிக்கையால வகுக்கணும். ஒரு பங்குக்கு முழு ரேட்டு கிடைக்கும், மத்த பங்கு தோத்ததா கணக்கு. என் பெட்டுல ரெண்டு பேரு. 8,000ல பாதி 4,000. அதை 4.50ஆல பெருக்கினா 18,000. டை இல்லாட்டி 36,000 வந்திருக்கும். பாதி போனதுல எனக்கு வருத்தம் இல்ல, அது விதி.

என் ஐடியில ஏறினது 6,667.

திரும்பப் படிங்க. 8,000 கட்டி, சொன்ன ஆளு ஜெயிச்சு, கையில 6,667. போட்ட காசுலயே 1,333 குறைவு. வரவேண்டிய 18,000ல 11,333 காணோம்.

ரெண்டு இடத்துல கை வச்சிருக்கான். முதல் வேலை, எதிரணிக்காரனையும் சேத்து மூணு பேரு டைன்னு எழுதிட்டான். 8,000ஐ மூணால வகுத்தா 2,667, அதுக்கு 4.50 போட்டா 12,000. அணி டாப் பேட்டர் பெட்டுல எதிரணி ஆளுக்கு என்ன வேலை? பந்தி நம்ம வீட்டுல, இலை பக்கத்து வீட்டுக்காரனுக்கா? இதுலயே 6,000 அவுட்.

ரெண்டாவது வேலைதான் நுணுக்கம். இதைப் புரிஞ்சுக்காம நிறைய பேரு தலையாட்டிட்டுப் போறாங்க. டெட் ஹீட்டை ரெண்டு மாதிரி எழுதலாம். ஒண்ணு மொத்தக் கணக்கு: ஜெயிச்ச பங்கை 4.50ஆல பெருக்கினா கையில வரவேண்டிய மொத்தம் கிடைச்சிரும், கழிக்க எதுவும் கிடையாது. இன்னொண்ணு லாபக் கணக்கு: 4.50ல உன் சொந்த ஒரு ரூபாய் போக லாபம் 3.50. 4,000க்கு 3.50 வீதம் லாபம் 14,000. அதுல தோத்த பாதி 4,000ஐக் கழிச்சா சுத்த லாபம் 10,000. உன் 8,000ஐயும் சேத்தா 18,000. எந்த வழியில போனாலும் அதே 18,000 வரணும். வரலன்னா எவனோ திருடுறான்.

இவனுக பண்ணது, மொத்தக் கணக்குல 12,000ன்னு எடுத்துக்கிட்டு, லாபக் கணக்குலேருந்து "தோத்த பங்கு 5,333 கழிவு"ங்கிற வரியை மட்டும் உருவி ஒட்டிட்டாங்க. 12,000ல 5,333 போனா 6,667. தோத்த பங்கை மொத்தக் கணக்குல பெருக்கவே இல்லையே, அது அங்கயே செத்துப்போச்சு. செத்ததை மறுபடி கொல்றான். மீன் ஏலத்துல ஐஸ் காசு, தரகு எல்லாம் பிடிச்சுட்டு மிச்சம் 12,000ன்னு சீட்டு எழுதினதுக்கு அப்புறம், "ஐஸ் காசு குடுங்க"ன்னு திரும்பக் கேட்டா எவனாவது குடுப்பானா? போன்ல கேட்டா குடுத்துடுறோம், ஏன்னா "சிஸ்டம்"னு சொல்லிடுறான்.

இவனை நம்பினதை நினைச்சாதான் எரியுது. பையன் தெரிஞ்ச முகம், ஐஸ் பிளான்ட் பக்கத்து டீக்கடையில உக்காந்திருப்பான். முதல்ல 500 போட வச்சான். 1,100 ஆச்சு, எடுக்கணும்னு சொன்ன பத்தாவது நிமிஷம் யூபிஐயில வந்து விழுந்துச்சு. "பாத்தீங்களாண்ணே?"ன்னான். அப்பவும் நான் சும்மா விடல. டை ஆனா என்ன கணக்குடான்னு குறிப்பா கேட்டேன். "டெட் ஹீட்ண்ணே, ரெண்டு பேருன்னா பாதி, எல்லா இடத்துலயும் அதான்"னு டக்குனு சொன்னான். சொன்னது நூத்துக்கு நூறு சரி. விதி தெரிஞ்ச பையன்னு நம்பி 8,000ஐ அனுப்பினேன். விதி தெரிஞ்சவனுக்குத்தான் அதை எங்க முறிக்கணும்னும் தெரியும்னு அப்போ மண்டையில ஏறல.

காசு குறைஞ்சதும் கூப்பிட்டேன்.

"சிஸ்டமே செட்டில் பண்ணதுண்ணே, நம்ம கையில இல்ல."

அப்புறம் கணக்கை ஒரு தாள்ல எழுதி போட்டோ எடுத்து அனுப்பினேன்.

"மேல கேட்டுச் சொல்றேண்ணே."

மேலன்னா யாரு? அவனுக்கு மேல ஒரு மாஸ்டர் ஐடி, அதுக்கு மேல ஒருத்தன், இப்படி ஏணி. கீழ இருக்கிறவன் தோக்குற காசுல ஒவ்வொரு படிக்கும் பங்கு போகுது. நான் தோத்தா ஆதாயம் பாக்குறவன்கிட்டயே எனக்கு நியாயம் கேக்கச் சொன்னா எப்படி? மூணு நாள் கழிச்சு ஒரு வாய்ஸ் நோட்டு: "விடுங்கண்ணே, அடுத்த மேட்ச்சுல எடுத்துரலாம், நான் நல்ல ரேட்டு போட்டுத் தர்றேன்." நாலாவது நாள், "ரூல்ஸ்ல இருக்கு, படிங்கண்ணே." படிச்சேன். ரூல்ஸ் பக்கத்துல "டெட் ஹீட் விதி பொருந்தும்"னு ஒரே வரி. எத்தனை பேரை எண்ணணும், எந்தக் கணக்குல எழுதணும், ஒண்ணும் இல்ல. 11,333 எங்கடான்னு கடைசியா கேட்டதுக்கு, "போலீஸ்ல போய் சொல்லுங்கண்ணே"ன்னு சிரிக்கிற பொம்மை ஒண்ணு. அதோட பிளாக்.

சிரிக்கிறதுக்குக் காரணம் இருக்கு. 1872ஆம் வருஷத்து இந்திய ஒப்பந்தச் சட்டம், பிரிவு 30: பந்தய ஒப்பந்தம் செல்லாது, ஜெயிச்ச காசைக் கேட்டு வழக்கு போட முடியாது. தமிழ்நாட்டுல 2022 சட்டப்படி ஆன்லைன் சூதாட்டத்துக்குத் தடை. 2025 ஆகஸ்டுல நாடாளுமன்றம் காசு கட்டி ஆடுற ஆன்லைன் விளையாட்டுக்கே தடை போட்டு ஒரு சட்டம் நிறைவேத்தியிருக்கு. இவன் கடை நடத்துறதே குத்தம், ஆனா அந்தக் குத்தம்தான் இவனுக்கு வேலி. நான் வாயைத் திறக்க மாட்டேன்னு கணக்குப் போட்டிருக்கான்.

டாப் பேட்டர் மட்டும் இல்ல, டை வர்ற ஒவ்வொரு இடத்துலயும் இவனுகளுக்கு ஒரு சந்து இருக்கு. டாப் பவுலர் அதைவிட மோசம். ரன்னுல ரெண்டு பேரு ஒரே எண்ணுல நிக்கிறது எப்பவாவது. விக்கெட்டு ஆளுக்கு ரெண்டு, மூணுதானே விழுது, அதனால மூணு பேரு ஆளுக்கு ரெண்டு எடுத்து நிக்கிறது சர்வ சாதாரணம். சில இடத்துல கம்மியா ரன் குடுத்தவன் ஜெயிச்சான்னு எடுத்துக்குவாங்க, சில இடத்துல டெட் ஹீட். முன்கூட்டியே எழுதி வைக்கலன்னா அவனுக்கு எது லாபமோ அதுதான் விதி. ரேட்டு 2.80ன்னு வைங்க, மூணு பேரு டை. 1,000ல மூணுல ஒரு பங்கு 333, அதுக்கு 2.80 போட்டா 933. ஜெயிச்சு 67 நட்டம். டை ஆன ஆள் எண்ணிக்கையைவிட ரேட்டு கம்மியா இருந்தா ஒழுங்கான கணக்குலயே கையைவிட்டுத்தான் போகும், ஏமாத்தவே வேண்டாம்.

மூணு நாலு பெட்டை ஒண்ணாக் கோத்துக் கட்டுறவங்களுக்கு: டை ஆன கண்ணியோட ரேட்டை மட்டும் வகுக்கணும். 1.80, 4.50, 2.00 கோத்தா 16.20. நடு கண்ணி ரெண்டு பேரு டைன்னா 4.50 இருக்குற இடத்துல 2.25, மொத்தம் 8.10. ஆனா இவனுக மொத்த சீட்டையும் தோத்ததுன்னு மூடுறானுக. கோத்தவன் ஒரு கண்ணி அறுந்துருச்சுன்னு நினைச்சு கேக்குறதே இல்ல.

மேட்ச்சே டை ஆனா அது வேற கதை. சூப்பர் ஓவர் நடந்தா பொதுவா யாரு ஜெயிப்பாங்கங்கிற பெட்டுக்கு அந்த முடிவுதான் கணக்கு. ஆனா சூப்பர் ஓவர்ல அடிக்கிற ரன் தனிநபர் கணக்குல சேராது. 2024 ஜனவரியில பெங்களூருல ஆப்கானிஸ்தானோட ரெண்டு பக்கமும் 212, முதல் சூப்பர் ஓவரும் டை, ரெண்டாவதுலதான் இந்தியா ஜெயிச்சுது. அந்த ரன்னைக் கொண்டுபோய் டாப் பேட்டர்ல சேத்து ஆளை மாத்தினா அது மோசடி. அதே வருஷம் ஆகஸ்ட் 2ஆம் தேதி கொழும்புல இலங்கையும் இந்தியாவும் 230க்கு 230, சூப்பர் ஓவரே நடக்கல, ஒருநாள் போட்டி டையாவே முடிஞ்சுது. அந்த மாதிரி நாள்ல கட்டின காசு முழுசா திரும்பணுமா, பாதிக் கணக்கா? ரெண்டு விதியும் ஒழுங்கான இடங்கள்ல உண்டு. ரெண்டு அணியிலயும் கட்டினவங்களைத் தோத்ததா எழுதுறது மட்டும் பொதுவா கிடையாது.

டெஸ்ட்டுல டிரா வேற, டை வேற. நேரம் முடிஞ்சு முடிவில்லாம போனா டிரா, ரன் சமமா இருக்கும்போது கடைசி விக்கெட்டும் விழுந்தா டை. இத்தனை வருஷ டெஸ்ட் கிரிக்கெட்டுல டை ரெண்டே ரெண்டு: 1960ல பிரிஸ்பேன், 1986 செப்டம்பர்ல நம்ம சேப்பாக்கம். சேப்பாக்கத்துல இந்தியா ஜெயிக்க 348 வேணும், 347ல கடைசி விக்கெட் விழுந்துச்சு. டிரான்னு கட்டினவனுக்கு அன்னைக்குக் காசு கிடையாது, ரெண்டு அணிக்கும் பாதிப் பாதி, அதுதான் வழக்கமான கணக்கு. நம்ம பக்கத்துப் பசங்க டைக்கும் டிராவுக்கும் ஒரே பட்டனை அமுக்குறாங்க.

கோல்ஃப் இங்க யாரும் பாக்கப் போறதில்ல, ஆனா ராத்திரி ரெண்டு மணிக்கு வேற எதுவும் ஓடாதப்ப பெட்டு லிஸ்டுல அதுதான் நிக்குது. "முதல் அஞ்சுக்குள்ள"ன்னு கட்டி, நாலாம் இடத்துல நாலு பேரு டைன்னா, மிச்சம் இருக்கறது ரெண்டு இடம், ஆளு நாலு, அதனால பாதிப் பங்கு. நாலுல ஒரு பங்குன்னு எழுதுவான், விட்டுராதீங்க.

விலாவாரியா சொல்றேன்னு சொன்னேன். மணி ஒண்ணாச்சு, வீட்டுல லைட்டை அணைக்கச் சொல்றாங்க. அவசரத்துக்கு இது மட்டும். சின்னக் காசு சீக்கிரம் வந்தா அது தூண்டில் புழு. கட்டாதீங்க. ஏற்கனவே கட்டிட்டீங்கன்னா சீட்டுல அணி டாப் பேட்டரா, மேட்ச் டாப் பேட்டரான்னு பாருங்க. கட்டின நிமிஷமே ஸ்க்ரீன்ஷாட் எடுங்க, ஜெயிச்சதுக்கு அப்புறம் எடுக்கலாம்னு இருக்காதீங்க, செட்டில் ஆனதும் என்னோடது லிஸ்ட்லேருந்தே காணாமப் போச்சு. பாக்கியை வச்சு "அடுத்த மேட்ச்"னு இழுத்தா ஒத்துக்காதீங்க. "ஐடியை அன்லாக் பண்ண டெபாசிட்"னு கேட்டா அது அடுத்த கொள்ளை. பேங்க் கணக்கு, ஓடிபி மேல கை வச்சா அந்த நிமிஷமே சைபர் குற்ற உதவி எண் 1930க்கு அடிங்க.

பாம்பன் பக்கம் அந்த டீக்கடை பெஞ்சுல இன்னைக்குச் சாயங்காலமும் அவன் உக்காந்திருந்தான். பக்கத்துல ஒரு சின்னப் பையன், இருபது வயசுகூட இருக்காது, 500 ரூபாய் அனுப்பிக்கிட்டிருந்தான்.