சிகாகோ ஹேமார்க்கெட் டூர்: ஜெர்மன் தொழிலாளிங்க கதை கேக்க கண்டிப்பா போங்க, ஆனா நீள டூரா பாத்து எடுங்க

சிகாகோவுக்கு ஊர்ல இருந்து அப்பா அம்மா வந்தா நம்ம ஆளுங்க எல்லாரும் கூட்டிட்டு போற லிஸ்ட் ஒண்ணுதான், வில்லிஸ் டவர், பீன் சிற்பம், போட் டூர், அரோரா பாலாஜி கோயில், லெமான்ட் ராமர் கோயில். அதெல்லாம் முடிச்சவங்களுக்குத்தான் இந்த ரிவ்யூ. டவுன்டவுனுக்கு மேற்க டெஸ்ப்ளெய்ன்ஸ் ஸ்ட்ரீட்ல ஆரம்பிச்சு ஃபாரஸ்ட் பார்க் கல்லறைத் தோட்டம் வரைக்கும் போற ஒரு தொழிலாளர் வரலாற்று வாக்கிங் டூர், 1886ல ஹேமார்க்கெட்ங்குற இடத்துல தொழிலாளர் கூட்டத்துல குண்டு வெடிச்சதும், அந்தக் கேஸ்ல தொழிலாளர் தலைவருங்களை தூக்குல போட்டதும்தான் கதை. நடத்துறது ஸ்கூல்ல ஹிஸ்டரி டீச்சரா இருந்து ரிட்டயர் ஆன ஒரு அம்மா, பேரைப் போட வேண்டாம்னு கேட்டுக்கிட்டாங்க, அதனால போடல. ரெண்டு வகை வெச்சிருக்காங்க, காலையில மட்டும் நடக்குற சின்ன டூர் ஒண்ணு, கல்லறைத் தோட்டமும் சேர்ந்த நீள டூர் ஒண்ணு. நாங்க போனது நீளமானது, என் அப்பாவோட. அப்பா கோயம்புத்தூர்ல மில்லுல வேலை பார்த்து யூனியன்ல இருந்தவர், அதனால அவருக்காகத்தான் புக் பண்ணேன், ஆனா நானும் வாயைப் பொளந்துட்டுதான் கேட்டேன்.

முதல்ல டூரோட பெரிய பலம் எதுன்னு சொல்லிடுறேன். மே தினம்னா சிகாகோ, சிகாகோன்னா தூக்குல போட்ட நாலு பேரு, இவ்வளவுதான் நம்மல்ல பல பேருக்கு தெரியும். அந்த நாலு பேர்ல மூணு பேரு ஜெர்மனியில பொறந்தவங்கன்னு எத்தனை பேருக்கு தெரியும்? இந்த அம்மா அங்கதான் ஆரம்பிக்கிறாங்க, தூக்குமேடையில இல்ல, பட்டறையில. அப்போ சிகாகோவுல மரவேலை, மேஜை நாற்காலி செய்யுறது, பேக்கரி, பீர் காய்ச்சுறது, சுருட்டு சுத்துறது, அச்சடிக்கிறதுன்னு எந்தப் பக்கம் திரும்பினாலும் ஜெர்மன்காரங்கதான். 1900ல இந்த ஊர்ல ஏறத்தாழ 4,70,000 பேரு, அதாவது நாலு பேருக்கு ஒருத்தர், ஒண்ணு ஜெர்மனியில பொறந்தவர் இல்ல அப்பா அம்மால ஒருத்தராவது அங்க பொறந்தவர். வந்தவங்கள்ல சில பேரு சும்மா பொழைப்பு தேடி மட்டும் வரல, 1878ல ஜெர்மனியை ஆண்ட சான்சலர் பிஸ்மார்க் சோஷலிஸ்ட்டுகளுக்கு எதிரா சட்டம் போட்டு கட்சி கூட்டம், பத்திரிகைன்னு எல்லாத்தையும் தடை பண்ணப்போ அங்க இருக்க முடியாம கப்பல் ஏறினவங்களும் உண்டு. வரும்போதே சங்கம் வைக்கிற பழக்கம், பத்திரிகை நடத்துற பழக்கம், சேர்ந்து பாடுற பழக்கம் எல்லாத்தையும் கூடவே கொண்டு வந்துட்டாங்க. டர்னர் ஹால்னா ஜெர்மன் உடற்பயிற்சி சங்கத்தோட கட்டடம், அதுக்குள்ள உடற்பயிற்சியும் நடக்கும், பாட்டுக் கச்சேரியும் நடக்கும், யூனியன் கூட்டமும் நடக்கும். அப்பா இதைக் கேட்டதும் "நம்ம ஊர்ல யூனியன் ஆபீஸ்ல படிப்பகம் இருந்துச்சில்ல கண்ணு, அதுவேதான்"னாரு.

ஹேமார்க்கெட் நினைவுச் சிற்பம் இருக்குற இடத்துல வெச்சு, குண்டு கேஸ்ல குற்றம் சாட்டப்பட்ட எட்டு பேரையும் ஒவ்வொருத்தரா தொழிலோட சொன்னாங்க, எனக்கு ரொம்பப் பிடிச்ச பகுதி இதுதான். ஆகஸ்ட் ஸ்பைஸ், சோபாவுக்கு மெத்தை தைக்கிற தொழிலாளி, 1872ல அமெரிக்கா வந்தவர், தனியா ஒரு கடை போட்டு அப்புறம் ஆர்பைட்டர் சைட்டுங்ங்குற ஜெர்மன் தொழிலாளர் பத்திரிகைக்கு ஆசிரியர் ஆனவர். அடால்ஃப் ஃபிஷர் அதே பத்திரிகையில அச்சுக் கோக்குறவர். மைக்கேல் ஷ்வாப் புத்தகம் பைண்டிங் பண்றவர். ஜார்ஜ் எங்கெல் பெயின்டர், பின்னால பொம்மைக் கடை வெச்சிருந்தார். லூயிஸ் லிங் தச்சர், அமெரிக்கா வந்தே ஒரு வருஷம்தான் ஆச்சு, அப்போ வயசு 21. ஆஸ்கர் நீபி பொறந்தது நியூயார்க்ல, ஆனா ஜெர்மன் குடும்பம், பீர் வண்டி ஓட்டுறவங்களுக்கு சங்கம் சேர்த்தவர். மிச்சம் ரெண்டு பேருதான் ஜெர்மன்காரங்க இல்ல, இங்கிலாந்துல இருந்து வந்து வண்டி ஓட்டின சாமுவேல் ஃபீல்டன், அமெரிக்காவுலயே பொறந்த அச்சுத் தொழிலாளி ஆல்பர்ட் பார்சன்ஸ். தீவிரவாதிங்கன்னு அன்னைக்கு பேப்பர்கள் எழுதின ஆளுங்க, தொழிலோட சேர்த்து சொல்லும்போது நம்ம தெருவுல இருக்குற ஆளுங்க மாதிரி ஆயிடுறாங்க.

சம்பவம் தெரியாதவங்களுக்கு சுருக்கமா. 1886 மே 1ஆம் தேதி எட்டு மணி நேர வேலை கேட்டு அமெரிக்கா முழுக்க ஸ்ட்ரைக். மே 3ஆம் தேதி மக்கார்மிக் அறுவடை மெஷின் ஃபேக்டரி வாசல்ல போலீஸ் சுட்டதுல தொழிலாளிங்க செத்தாங்க. பக்கத்துலயே ஒரு கூட்டத்துல பேசிட்டு இருந்த ஸ்பைஸ் அதைப் பார்த்துட்டு ஓடி வந்து கோவத்துல ஒரு நோட்டீஸ் எழுதி அடிக்கிறார். மறுநாள் ராத்திரி ஹேமார்க்கெட்ல கண்டனக் கூட்டம், அதுக்கு அடிச்ச நோட்டீஸ் இங்கிலீஷ், ஜெர்மன்னு ரெண்டு பாஷையிலயும் இருந்துச்சு. ஆயுதத்தோட வாங்கன்னு அதுல ஒரு வரி இருந்ததைப் பாத்து அதை எடுத்தாத்தான் நான் பேசுவேன்னு ஸ்பைஸ் சொல்லிட்டார், எடுத்தும் அடிச்சாங்க, ஆனா கேஸ்ல அந்த வரியே சாட்சியாச்சு. மேயரே வந்து பாத்துட்டு கூட்டம் அமைதியாத்தான் நடக்குதுன்னு கிளம்பிட்டார், மழை வர்ற மாதிரி ஆச்சு, கூட்டம் கலையுற நேரத்துல 176 போலீஸ் வரிசையா வந்து நிக்கிறாங்க, எங்க இருந்தோ ஒரு குண்டு விழுது. போலீஸ்ல 7 பேரு செத்தாங்க, கூட்டத்துல குறைஞ்சது 4 பேரு.

குறை ஆரம்பிக்கிறது இங்கதான். குண்டு போட்டது யாருன்னு இன்னைக்கு வரைக்கும் தெரியாது, ஆனா கைடு அம்மா அந்த மர்மத்துலயே ரொம்ப நேரம் நின்னுட்டாங்க, அவனா இருக்குமா இவனா இருக்குமான்னு. கூட வந்தவங்க சில பேருக்கு அது சுவாரஸ்யமா இருந்திருக்கலாம், எனக்கு நேரம் வீணாப் போற மாதிரி இருந்துச்சு. ஏன்னா கேஸோட அநியாயமே அதுலதான இருக்கு, எறிஞ்சவன் யாருன்னு நிரூபிக்காமலேயே எழுதினது பேசினதுக்காக ஏழு பேருக்கு தூக்கு, நீபிக்கு 15 வருஷம். அதை ரெண்டே வரியில தாண்டிட்டாங்க. அந்த ரோட்டுல வண்டிச் சத்தம் வேற, கையில மைக் இல்ல, பின்னாடி நின்னவங்களுக்கு பாதி கேக்கவே இல்ல.

அப்பா கேட்ட ஒரு கேள்வியாலதான் டூர் மறுபடி சூடு பிடிச்சுது. இதுக்கு முன்னாடி இவங்க மேல போலீஸ் கை வெச்சதே இல்லையான்னு கேட்டார், நான் இங்கிலீஷ்ல சொன்னேன், அந்த அம்மா முகம் மலர்ந்துருச்சு, வழக்கமா சொல்லாத ஒண்ணு சொல்றேன்னு 1877 கதையை எடுத்தாங்க. அந்த ஜூலையில நாடு முழுக்க ரயில்வே ஸ்ட்ரைக், சிகாகோவுலயும் கலவரம். 12ஆம் தெருவுல இருந்த ஃபோர்வெர்ட்ஸ் டர்னர் ஹாலுக்குள்ள மேஜை நாற்காலி செய்யுற ஜெர்மன் தச்சருங்க கூடி முதலாளிங்க கூட எட்டு மணி நேரம் பத்தி அமைதியா பேசிட்டு இருக்காங்க, போலீஸ் உள்ள புகுந்து அடிச்சு நொறுக்கி சுட்டும் தள்ளுது, ஒருத்தர் செத்துட்டார். தச்சர் சங்கம் கோர்ட்டுக்குப் போச்சு, 1879ல நீதிபதி மெக்அலிஸ்டர் போலீஸ் பண்ணது தப்புன்னு தீர்ப்பு சொன்னார், கூட்டம் கூடுற உரிமை அவங்களுக்கு இருக்குன்னு. ஆனா தீர்ப்பு பேப்பர்லதான் இருந்துச்சு, தெருவுல அடி நிக்கல. போலீஸ்கிட்ட இருந்து நம்மளை நாமதான் காப்பாத்திக்கணும்னு லேர் உண்ட் வேர் ஃபெரைன்னு துப்பாக்கிப் பயிற்சி எடுக்குற சங்கமே 1875ல இருந்து நடத்திட்டு இருந்தாங்க, இந்த 1877க்கு அப்புறம் அதுல ஆள் சேர்றது இன்னும் அதிகமாச்சு. ஸ்டேட் கவர்மென்ட் அதைத் தடை பண்ண, அந்தக் கேஸ் சுப்ரீம் கோர்ட் வரைக்கும் போய் 1886 ஜனவரியில தோத்துச்சு. இந்த ஒம்பது வருஷக் கதை தெரியாம ஹேமார்க்கெட்டை மட்டும் தனியா பார்த்தா எதுவுமே புரியாது. இதை வழக்கமா சொல்லாம விடுறது பெரிய தப்பு, அவங்ககிட்டயே சொன்னேன், யோசிக்கிறேன்னாங்க. நீங்க போனா தயங்காம கேளுங்க.

சிற்பத்தைப் பத்தி, மேரி ப்ரோகர் செஞ்சு 2004ல வெச்சது, கூட்டத்துல மேடையா இருந்த வண்டி மேல முகம் தெரியாத ஆளுங்க நிக்கிற மாதிரி. அடியில பல நாட்டு யூனியன்கள் வந்து பதிச்ச தகடு இருக்கு, அப்பா ஒவ்வொண்ணா தடவிப் பாத்துட்டு நின்னார். அங்க இருந்து கொஞ்சம் நடந்தா லேக் ஸ்ட்ரீட் முனையில செஃப்ஸ் ஹால் இருந்த கட்டடம் இன்னும் நிக்குது, குண்டு வெடிச்சப்போ பார்சன்ஸும் ஃபிஷரும் இதுக்குள்ளதான் உக்காந்திருந்தாங்க. குண்டு வெடிச்ச இடத்துலயே இல்லாத ஆளுங்களை தூக்குல போட்டாங்கன்னு படிக்கிறது வேற, அந்த ஜன்னலை நிமிர்ந்து பாக்குறது வேற.

அப்புறம் வேன்ல ஃபாரஸ்ட் பார்க். இதுக்காகத்தான் நீள டூர் எடுங்கன்னு சொல்றேன். முன்ன வால்ட்ஹைம்னு பேரு, ஜெர்மன்காரங்க 1873ல ஆரம்பிச்ச கல்லறைத் தோட்டம், மதம், இனம், கட்சி எதுவும் பாக்காம யாருக்கும் இடம் கொடுத்தாங்க. 1887 நவம்பர் 11ஆம் தேதி ஸ்பைஸ், பார்சன்ஸ், ஃபிஷர், எங்கெல் நாலு பேரையும் தூக்குல போட்டாங்க, லிங் அதுக்கு முந்தின நாளே ஜெயில்ல வாயில வெடி வெச்சு உயிரை விட்டுட்டார், ஃபீல்டனுக்கும் ஷ்வாப்புக்கும் மட்டும் தூக்கை ஆயுள் தண்டனையா குறைச்சுட்டாங்க. ஞாயித்துக்கிழமை ஊர்வலமா ஜனங்க அவங்களை இங்கதான் கொண்டு வந்தாங்க. நினைவுச் சின்னம் 1893 ஜூன் 25ஆம் தேதி திறந்தது, ஆல்பர்ட் வைனெர்ட் செஞ்சது, விழுந்து கிடக்குற தொழிலாளி தலையில ஒரு பொண்ணு மாலை வெக்குற மாதிரி வெண்கலச் சிலை. பீடத்துல ஸ்பைஸ் கடைசியா சொன்னது பொறிச்சிருக்கு, இன்னைக்கு நீங்க நெரிக்கிற குரலை விட எங்க மௌனம் பலமா இருக்குற நாள் வரும்னு. திறந்த மறுநாளே, ஜூன் 26ஆம் தேதி, கவர்னர் ஜான் பீட்டர் ஆல்ட்கெல்ட் ஜெயில்ல மிச்சம் இருந்த ஃபீல்டன், ஷ்வாப், நீபி மூணு பேருக்கும் முழு மன்னிப்பு கொடுத்து, கேஸே நேர்மையா நடக்கலன்னு எழுதிட்டார். அவரும் ஜெர்மனியில பொறந்து கைக்குழந்தையா வந்தவர்தான். 1896 தேர்தல்ல தோத்துட்டார், அந்தக் கையெழுத்தைப் போட்டதுக்கு கடைசி வரைக்கும் பேச்சு வாங்கினார். எனக்கு இந்த மனுஷன் மேல பெரிய மரியாதை வந்துருச்சு. கைடு அம்மா இங்க அதிகம் பேசல, ஆளுங்களை அவங்க போக்குல விட்டுட்டாங்க, அது நல்ல முடிவு.

அப்பா கேக்காமலேயே சிங்காரவேலர் கதையை ஆரம்பிச்சுட்டார், 1923ல மெட்ராஸ்ல திருவல்லிக்கேணி பீச்லயும் ஹைகோர்ட் எதிர் பீச்லயும் இந்தியாவோட முதல் மே தினம் கொண்டாடினது. கூட வந்தவங்களுக்கு நான் சொல்லச் சொல்ல, கைடு அம்மா நோட்டு எடுத்து எழுதிக்கிட்டாங்க. தெரியாததை வர்றவங்ககிட்ட கேட்டு எழுதிக்கிற கைடு எனக்கு ரொம்ப உசத்தி.

இன்னொரு குறை, பொம்பளைங்க. ஆல்பர்ட் பார்சன்ஸோட மனைவி லூசி பார்சன்ஸ் பேரு வந்துச்சு, அவங்க கல்லறையும் பக்கத்துலயே இருக்கு, ஆனா இந்த ஜெர்மன் குடும்பங்கள்ல தையல் வேலை பாத்து, வீட்டுல ஆள் தங்க வெச்சு சோறு போட்டு, புருஷன் ஜெயில்ல இருக்கும்போது புள்ளைங்களை வளர்த்தவங்களைப் பத்தி ஒரு வார்த்தை இல்ல. முதல் உலகப்போர் காலத்துல இந்த ஊர்ல ஜெர்மன்னு சொல்லிக்கவே பயந்ததும், ஜெர்மானியா கிளப் லிங்கன் கிளப்னு பேரை மாத்திக்கிட்டதும் வேன்ல போற போக்குல சொன்னாங்க, அது இன்னும் விரிவா வேணும். ஊர்ல நாலுல ஒரு பங்கு இருந்த சனம் எப்படி கண்ணுக்கே தெரியாம கலந்து போச்சுங்குறதுக்கு பதில் அங்கதான் இருக்கு.

சாப்பாடு டூர்ல சேராது. நாங்க திரும்பி வந்து ஆடம்ஸ் ஸ்ட்ரீட் பெர்காஃப்ல சாப்பிட்டோம், டார்ட்மண்ட்ல இருந்து வந்த ஹெர்மன் பெர்காஃப் 1898ல ஆரம்பிச்ச கடை. அப்பாவுக்கு க்ரீம் போட்ட கீரை அப்படியே வீட்டு கீரை மசியல் மாதிரி இருந்துச்சாம், ரெண்டாவது தடவை கேட்டு வாங்கினார். ரூட் பீர் மட்டும் அவருக்கு ஒத்துக்கல, இருமல் மருந்துன்னுட்டார், எனக்கு பிடிச்சுது.

போறவங்களுக்கு: நேப்பர்வில் பக்கம் இருந்து வர்றவங்க மெட்ராவுல யூனியன் ஸ்டேஷன்ல இறங்கி நடந்தே வந்துடலாம். கல்லறைத் தோட்டத்துக்கு டூர் இல்லாம தனியா போகணும்னா ப்ளூ லைன் கடைசி ஸ்டாப் ஃபாரஸ்ட் பார்க். வழியில பாத்ரூம் கிடையாது, பெரியவங்களைக் கூட்டிட்டு போனா ஸ்டேஷன்லயே முடிச்சுக்கோங்க. நிக்கிற நேரம் அதிகம், மடக்கு நாற்காலி கேட்டா வேன்ல வெச்சுக்குறாங்க. சின்னப் புள்ளைங்களுக்கு போரடிக்கும், பத்து வயசுக்கு மேலன்னா சரி. கைடுக்குப் பக்கத்துலயே நில்லுங்க, கேள்வியை முன்கூட்டியே யோசிச்சு வெச்சுக்கோங்க, கேட்டாத்தான் அவங்ககிட்ட இருந்து நல்ல விஷயம் எல்லாம் வெளிய வருது. சின்ன டூருக்கு 5க்கு 3, நீள டூருக்கு 4.5.