ஒரே மதுக்கடையா, நூறு வேடமா?

பிரிட்டிஷ் தொலைக்காட்சியின் துணை நடிகர்கள் முன்னே இரண்டு வழிகள் உண்டு: நெடுந்தொடர் ஒன்றில் நிலைத்துவிடுவது, அல்லது தொடருக்குத் தொடர் வேடம் மாறிச் செல்வது. முதலாவதற்கு நடிகை பெட்டி டிரைவரையும், இரண்டாவதற்கு வேல்ஸ்காரரான ஃபிலிப் மடாக்கையும் எடுத்துக்கொள்ளலாம்.

இளமையில் பாடகியாக இருந்த டிரைவர், 1969இல் 'கொரோனேஷன் ஸ்ட்ரீட்' தொடரில் சேர்ந்து, தாம் மறைந்த 2011ஆம் ஆண்டு வரை 'ரோவர்ஸ் ரிட்டர்ன்' மதுக்கடையின் பணிப்பெண்ணாகவே நடித்தார். அங்கே அவர் பரிமாறிய ஹாட்பாட் என்னும் இறைச்சிக் குழம்பே அந்தப் பாத்திரத்தின் அடையாளமாயிற்று. வருமானம் உறுதி, ஆனால் அந்த முகத்தை வேறொருத்தியாகப் பார்க்க ரசிகர்கள் இணங்குவது கடினம்.

மடாக்கின் கதை வேறு. 'டாக்டர் ஹூ' என்னும் அறிவியல் புனைவுத் தொடரின் நான்கு கதைகளில் நான்கு வெவ்வேறு பாத்திரங்களை ஏற்ற அவர், 1973இல், இரண்டாம் உலகப் போர்க்கால ஊர்க்காவல் படையைப் பற்றிய நகைச்சுவைத் தொடரான 'டாட்ஸ் ஆர்மி'யின் ஒரே ஒரு பகுதியில், பிடிபட்ட ஜெர்மானிய நீர்மூழ்கிக் கப்பல் தலைவராக வந்தார். ஹிட்லரைக் கேலி செய்து பாடிய ஊர்க்காவல் படை இளைஞனின் பெயரைத் தம் பட்டியலில் குறித்துக்கொள்ள அவர் கேட்கிறார். சொல்லாதே என்று தடுக்கும் படைத்தலைவரே பதற்றத்தில் அந்தப் பெயரை உளறிவிடுகிறார். சிரிப்பை வரவழைக்கும் வசனம் மடாக்குடையதன்று. எனினும் சற்றும் இளகாத அவரது முகம் இல்லாவிட்டால் அந்த நகைச்சுவை பாதிகூட எடுபட்டிருக்காது என்பேன்.

அடுத்த வேலை எப்போது என்று தெரியாத வாழ்க்கைதான் அது. ஆயினும் எந்த ஒரு வேடத்துக்குள்ளும் சிறைப்படாததால்தான், 1981இல் முன்னாள் பிரிட்டிஷ் பிரதமர் லாயிட் ஜார்ஜின் வாழ்க்கைத் தொடரில் அவரால் தலைமைப் பாத்திரத்தை நம்பும்படி ஏற்க முடிந்தது.