கார்டில் தெரியாத ஹோட்டல் செலவு: ஹோட்டலில் போய்க் கேட்பதா, பேங்குக்கு எழுதுவதா?

ஆடி பதினெட்டுக்கு பவானி கூடுதுறை போய்விட்டு வந்த ஐந்தாம் நாள், வீட்டுக் கணக்கு எழுத உட்கார்ந்தபோதுதான் அதைப் பார்த்தேன். என் கிரெடிட் கார்டில் 3,146 ரூபாய். பெயர், கேள்விப்பட்டே இராத ஒரு ஃபுட்ஸ் கம்பெனி. ஊர், சேலம். நான் சேலம் பக்கம் போய் வருஷம் ஒன்றுக்கு மேல் இருக்கும். திருப்பூரில் பனியன் கம்பெனியில் கணக்குப் பார்க்கிறவள் நான். ஊரார் கணக்கில் ஒரு ரூபாய் உதைத்தாலும் விடமாட்டேன், என் கார்டில் மூவாயிரம் போனதை ஐந்து நாள் கழித்துத்தான் பார்த்திருக்கிறேன் என்பது மனசைக் குடைந்துகொண்டே இருந்தது.

அடுத்த மாசியில் இன்னொன்று வந்தது. இந்த முறை வீட்டுக்காரர் கார்டில், 41 டாலர், அமெரிக்காவில் ஏதோ ஒரு சாப்பாட்டுக் கடை. முதல் செலவுக்கு நேராக ஹோட்டலைத் தேடிப் போனேன். இரண்டாவதற்குப் பேங்குக்கு எழுதினேன். இரண்டு பணமும் திரும்பி வந்துவிட்டது. இருந்தாலும் இன்றைக்கு யார் கேட்டாலும் முதலில் பேங்குக்கு எழுதுங்கள் என்றுதான் சொல்வேன். ஏன் என்பது நாள் கணக்கில் இருக்கிறது.

வேறு வழிகளும் உண்டு, அவற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஓடிபி கொடுத்து ஏமாந்தது, பெரிய தொகை, இப்போதுதான் போனது என்றால் சைபர் குற்ற உதவி எண் 1930-க்கு உடனே அடியுங்கள், பேங்குக்கும் அப்போதே சொல்லுங்கள். கேட்காமலே சர்வீஸ் சார்ஜ் போட்டுவிட்டார்கள் என்பது தனி வழக்கு, அதற்கு நுகர்வோர் உதவி எண் 1915 இருக்கிறது. நான் சொல்ல வருவது, அடையாளமே தெரியாத ஒரு ஹோட்டல் பெயர் மெசேஜில் வந்து நிற்கும்போது என்ன செய்வது என்பதைப் பற்றி.

ஹோட்டல் வழியில் முதல் தடங்கல் பெயர்தான். போர்டில் ஒரு பெயர் இருக்கும், பேங்க் கணக்கு முதலாளி பதிவு செய்த கம்பெனி பெயரில் இருக்கும். நம் மெசேஜில் வருவது பெரும்பாலும் அந்தக் கம்பெனி பெயர். ஊரும் அப்படித்தான், தலைமை ஆபீஸ் எங்கே பதிவாகியிருக்கிறதோ அந்த ஊர் வந்துவிடும். ஆகவே "சேலம்" என்று வந்தால் சேலத்தில்தான் சாப்பிட்டிருக்க வேண்டும் என்பதில்லை. வீட்டில் இன்னொருவர் கையில் ஆட்-ஆன் கார்டு (நம் கணக்கிலேயே வாங்கிய கூடுதல் கார்டு) இருந்தால் அதன் செலவும் இதே ஸ்டேட்மெண்டில் வரும், கடைசி நாலு எண் மட்டும் வேறாக இருக்கும். எனவே ஹோட்டலைத் தேடிப் போகும் முன் வீட்டில் கேளுங்கள். காலேஜ் படிக்கிற மகன் இருந்தால் இரண்டு தரம் கேளுங்கள்.

எனக்குத் துப்புக் கொடுத்தது நேரம். ஆப்பில் மதியம் 2.52 என்று இருந்தது. அந்த நேரத்தில் நாங்கள் சித்தோட்டுக்கும் பெருந்துறைக்கும் நடுவே பைபாஸில் ஒரு ஹோட்டலில் இலை போட்டு உட்கார்ந்திருந்தோம். அத்தைக்குச் சாப்பாட்டோடு பிரஷர் மாத்திரை கொடுத்தது நினைவிருந்தது. கார் டேஷ்போர்டைக் கிளறினேன், மடங்கிப்போன பில் கிடைத்தது. ஐந்து பேர் சாப்பாடு 1,282, அதற்கு ஐந்து சதவீதம் ஜிஎஸ்டி, மொத்தம் 1,346. பில்லின் அடியில், எண்ணெய்க் கறைக்குக் கீழே, பொடி எழுத்தில் அந்த ஃபுட்ஸ் கம்பெனியின் பெயர்! 33 என்று தொடங்கும் ஜிஎஸ்டி எண்ணை அரசு ஜிஎஸ்டி தளத்தில் போட்டுப் பார்த்தேன். கம்பெனி பெயர், கடைப் பெயர் இரண்டும் ஒரே பக்கத்தில் வந்தன. அந்தத் தளத்தில் கடைப் பெயரைப் போட்டுத் தேட முடியாது, எண் வேண்டும். பில்லைத் தூக்கி எறிந்திருந்தால் அன்றைக்கு நான் கண்டுபிடித்திருக்க மாட்டேன்.

1,346 என்பதை யாரோ 3,146 என்று அடித்திருக்கிறார்கள். 5,000 ரூபாய் வரை பின் நம்பர் இல்லாமல் கார்டைக் காட்டினாலே போய்விடும் என்பதால் நானும் மெஷினைப் பார்க்கவில்லை. அன்றைக்குக் கூட்டம் அப்படி.

போன் செய்தேன். கேஷியர் பையன் மரியாதையாகத்தான் பேசினான். "அக்கா, கம்ப்யூட்டர்ல ஆயரத்து முந்நூத்தி நாப்பத்தாறுதானுங்க காட்டுது. எச்சா எதும் எடுக்கலீங்க." அவன் சொன்னது பொய்யில்லை. பில் போடுகிற கம்ப்யூட்டர் வேறு, கார்டு தேய்க்கிற மெஷின் வேறு. பல ஹோட்டல்களில் இரண்டுக்கும் தொடர்பு கிடையாது, தொகையைக் கையால்தான் மெஷினில் அடிக்கிறார்கள். தப்பு மெஷினில் இருக்கும், அவர்கள் கம்ப்யூட்டரைப் பார்த்துச் சரியென்பார்கள். ஆகவே ஹோட்டலில் கேட்கும்போது "மெஷின் ரிப்போர்ட்டைப் பாருங்கள்" என்று கேளுங்கள். கையில் ஸ்லிப்போ, பேங்க் ஆப்பில் இருக்கும் 12 இலக்க ஆர்ஆர்என் எண்ணோ (ஒவ்வொரு செலவுக்கும் விழும் அடையாள எண்) இருந்தால் அவர்களால் தேடிப் பிடிக்க முடியும். என்னிடம் ஸ்லிப் இல்லை.

சனிக்கிழமை நேரில் போனேன். "ஓனர் ஊர்ல இல்லீங்க, திங்கக்கெழம வாங்க, பாத்துக்கலாமுங்க." திங்கள் போன் செய்தால் அக்கவுண்டண்ட் லீவு. கடைசியில் பதினேழாம் நாள் ஓனரே கூப்பிட்டு, "தப்பு எங்களுதுதானுங் அம்மிணி" என்று 1,800 ரூபாயைப் போனிலேயே அனுப்பிவிட்டார். நல்ல மனிதர். எனக்கு அவர்மேல் வருத்தமில்லை. ஆனால் அந்தப் பதினேழு நாளும் என் கையில் ஒரு துண்டுச் சீட்டுகூட இல்லை. நான் கேட்டதற்கும் அவர்கள் பதில் சொன்னதற்கும் தேதி போட்ட ஆதாரம் எதுவுமில்லை.

அது கம்பெனி பெயர் மாறிய நிஜச் செலவாக இருந்ததால் பிழைத்தேன். யாரோ என் கார்டு எண்ணைத் திருடிச் சாப்பிட்டதாக இருந்திருந்தால்? மெசேஜைப் பார்க்கும்போது இரண்டும் ஒரே மாதிரிதான் தெரியும். எது என்று கண்டுபிடிப்பதற்குள் நாள் ஓடிவிடும்.

அந்த நாள் கணக்குதான் இங்கே எல்லாவற்றையும் தீர்மானிக்கிறது. ரிசர்வ் பேங்க் 2017 ஜூலை 6 அன்று ஒரு சுற்றறிக்கை விட்டது. பேங்க் பக்கம் ஓட்டை என்றால் நாம் எப்போது சொன்னாலும் நமக்குப் பொறுப்பில்லை. பேங்கும் காரணமில்லை, நாமும் காரணமில்லை, வெளியே எங்கோ எண் கசிந்து பணம் போயிருக்கிறது என்றால், மூன்று வேலை நாளுக்குள் சொன்னால் நமக்கு ஒரு பைசா நஷ்டமில்லை. நாலிலிருந்து ஏழு வேலை நாளுக்குள் என்றால் ஓரளவு நம் பொறுப்பு: ஐந்து லட்சம் வரை லிமிட் உள்ள கிரெடிட் கார்டுக்கு உச்சவரம்பு 10,000 ரூபாய், அதற்கு மேல் லிமிட் என்றால் 25,000. ஏழு நாள் தாண்டினால் அந்தந்த பேங்கின் கொள்கைப்படி. ஓடிபியோ பின் நம்பரோ நாமே யாருக்காவது சொல்லியிருந்தால், பேங்குக்குத் தகவல் கொடுக்கும் வரை போனதெல்லாம் நம்முடையது.

"பத்தாயிரம்தானே உச்சவரம்பு, பரவாயில்லை" என்று படித்துவிட்டுப் போய்விடாதீர்கள். விதி சொல்வது, போன தொகை அல்லது பத்தாயிரம், இதில் எது குறைவோ அது. குடும்பத்தோடு சாப்பிட்ட ஹோட்டல் பில் எவ்வளவு வரும்? இரண்டாயிரம், நாலாயிரம். ஆக நாலாம் நாள் சொன்னால் அந்த நாலாயிரமும் நம் தலையில்தான். லட்சக்கணக்கில் போனவருக்கு அந்த வரம்பு ஒரு காப்பு. நம்மைப் போல ஹோட்டல் பில்லுக்குச் சண்டை போடுகிறவருக்கு மூன்றாம் நாளோடு கதவு மூடியது மாதிரிதான்.

எண்ணும் முறையையும் சொல்லிவிடுகிறேன். மெசேஜ் வந்த நாள் கணக்கில் சேராது. நம் கிளை வேலை செய்கிற நாட்களை மட்டும் எண்ண வேண்டும். வெள்ளிக்கிழமை ராத்திரி மெசேஜ், மறுநாள் இரண்டாம் சனி, அப்புறம் ஞாயிறு என்றால் இரண்டும் விடுமுறை. திங்கள், செவ்வாய், புதன் என மூன்று நாள் உண்டு. பொங்கல் நோம்பி நடுவில் வந்தால் இன்னும் கொஞ்சம் நீளும். ஆனால் கடிகாரம் ஓடத் தொடங்குவது மெசேஜ் வந்ததிலிருந்து. மாசக் கடைசியில் ஸ்டேட்மெண்டைப் பார்த்துக் கண்டுபிடிக்கிறவருக்குப் பெரும்பாலும் ஏழு நாளும் போயிருக்கும். கூடுதுறை போன அன்றைக்கு என் போன் பைக்குள் கிடந்தது, மெசேஜ் லோன் விளம்பரங்களுக்கு நடுவே புதைந்திருந்தது. அதையெல்லாம் சொல்லி நாளை நீட்டிக் கேட்க முடியாது.

இரண்டாவது செலவுக்கு வருவோம். மாசியில் ராத்திரி பதினொன்றே முக்காலுக்கு மெசேஜ். நம்மூர்க் கார்டில் ஆன்லைன் செலவுக்கு ஓடிபி கேட்கும், வெளிநாட்டுக் கடைகள் பல கேட்காது. துணியில் பிரிண்ட் போடும் டிசைன் சாஃப்ட்வேர் வாங்குவதற்காக வீட்டுக்காரர் கார்டில் வெளிநாட்டுச் செலவைத் திறந்து வைத்திருந்தார், மூட மறந்துவிட்டார். 2020-லிருந்து இந்தத் திறப்பு மூடல் நம் கையிலேயே இருக்கிறது, ஆப்பில் ஒரு தட்டு தட்டினால் போதும். முதலில் அதை மூடினேன். பிறகு கஸ்டமர் கேருக்குப் போன், அதே விஷயத்தை மெயிலிலும்.

எழுதும்போது "திருட்டு" என்று தொடங்கவில்லை. "இந்தத் தேதியில் இந்த நேரத்தில் இந்தப் பெயரில் வந்திருக்கும் இந்தத் தொகை எங்களுக்கு அடையாளம் தெரியவில்லை. கார்டு எங்களிடமே இருக்கிறது. ஓடிபி எதுவும் வரவில்லை, யாருக்கும் சொல்லவுமில்லை. எங்கள் அனுமதி இல்லாத செலவாகப் பதிவு செய்து புகார் எண் தாருங்கள்." அவ்வளவுதான். உண்மை எதுவோ அதுவரை மட்டும் சொன்னால், பிறகு அது நம் செலவுதான் என்று தெரிந்தாலும் நம் வார்த்தை பொய்யாகாது. புகார் எண்ணும் நேரமும் உடனே வந்தன. எனக்கு வேண்டியதும் அதுதான்.

அதே சுற்றறிக்கைப்படி, சொன்ன நாளிலிருந்து பத்து வேலை நாளுக்குள் பேங்க் தொகையைத் தற்காலிகமாக வரவு வைக்க வேண்டும், தொண்ணூறு நாளுக்குள் முடிவு சொல்ல வேண்டும், தப்பு நம்முடையது என்று நிரூபிக்கும் பொறுப்பும் பேங்குடையது. எங்களுக்கு ஆறாம் வேலை நாளில் வரவு வந்தது, இரண்டு மாதத்தில் முடிந்தது. வெளிநாட்டுச் செலவுக்குப் பேங்க் போடும் கூடுதல் கட்டணமான மார்க்கப்பும் அதன்மேல் ஜிஎஸ்டியும் தனி வரியாக நின்றன. அதையும் குறிப்பிட்டுக் கேட்ட பிறகுதான் கழித்தார்கள். புகாரில் இருக்கும் தொகை போக மற்ற பில்லை முழுசாகக் கட்டிவிட்டோம். மோசடி என்று முறையிட்ட தொகைக்குத் தீர்ப்பு வரும் வரை வட்டி, அபராதம் போடக் கூடாது என்பது ரிசர்வ் பேங்கின் 2022 விதி.

இந்த வழியில் தொல்லையே இல்லை என்று சொல்லமாட்டேன். கார்டை ரத்து செய்து புதுசு அனுப்பினார்கள். கரண்ட் பில், இன்சூரன்ஸ், போன் ரீசார்ஜ் என்று தானாகப் போய்க்கொண்டிருந்த எல்லாவற்றையும் மறுபடி இணைக்க ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்கப் போயிற்று.

ஹோட்டல் வழி நிச்சயமாக மேல் என்று நான் சொல்வது ஒரே இடத்தில். இன்னும் ஹோட்டல் வாசலைத் தாண்டவில்லை, தொகை தப்பு அல்லது இரண்டு தரம் போய்விட்டது என்று அப்போதே பார்த்துவிட்டீர்கள் என்றால் கல்லாவுக்குத் திரும்பி நடங்கள். அன்றைய கணக்கை மெஷினில் முடிப்பதற்கு முன்னால் அவர்களே அதை ரத்து செய்ய முடியும். "மெஷின் எடுக்கலீங்க, காசாக் குடுத்துருங்க" என்று சொல்லி, பணம் மட்டும் நம் கணக்கில் போயிருந்தால் அதற்கு ஹோட்டல் வேண்டாம். ஐந்து நாளில் தானாகத் திரும்ப வேண்டும், தாண்டினால் நாளுக்கு 100 ரூபாய் பேங்க் கொடுக்க வேண்டும் என்று 2019-லேயே விதி இருக்கிறது.

பேங்க் முப்பது நாளாகியும் பதில் சொல்லாவிட்டாலோ, சொன்ன பதில் திருப்தியில்லாவிட்டாலோ பேங்க் மீதான புகார்களை விசாரிக்கும் ரிசர்வ் பேங்க் ஓம்பட்ஸ்மேனிடம் போகலாம், ஆன்லைனிலேயே புகார் கொடுக்கலாம், கட்டணமில்லை. எனக்கு அந்த வாசல் வரை போகத் தேவை வரவில்லை, அதனால் எவ்வளவு வேகம் என்று நான் சொல்வது சரியாகாது. டெபிட் கார்டிலும் எனக்கு இப்படி நடந்ததில்லை. அங்கே சேமிப்புப் பணமே போய்விடும் என்பதால் ஒரு நாள்கூடத் தள்ளமாட்டேன்.

பேங்குக்கு எழுதிய பிறகு ஹோட்டலைத் தேடுவதில் தப்பே இல்லை, தேடத்தான் வேண்டும். போன மாதம் கோபியில் கொழுந்தனார் வீட்டு விசேஷம் முடிந்து வந்ததும் 2,210 ரூபாய்க்குத் தெரியாத பெயர் ஒன்று. அன்று ராத்திரியே எழுதிவிட்டேன். மறுநாள் காலை மகன் எழுந்து வந்து, "அம்மா, அது நாங்க ஃப்ரெண்ட்ஸோட சாப்பிட்டது" என்றான். அதே புகார் எண்ணைப் போட்டு, "இது எங்கள் செலவுதான், விசாரிக்க வேண்டாம்" என்று அப்போதே மெயில் அனுப்பினேன். சாயங்காலத்துக்குள் முடித்துவிட்டார்கள், கார்டையும் ரத்து செய்யவில்லை.