ஜூம் எஃப்3 ரெக்கார்டர்: மீன் ஏலத்தைப் படம்பிடிக்க உதவுமா?

பேட்டி கிடையாது, பின்னணிக் குரல் கிடையாது, "இன்னொரு தடவை செஞ்சு காட்டுங்க" என்று யாரையும் கேட்பதும் கிடையாது. அவதானிப்பு ஆவணப்படத்தில் பாதிக் கதையைச் சுமப்பது ஒலி. அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் ஃபிரடெரிக் வைஸ்மன் கேமராவை ஒளிப்பதிவாளரிடம் விட்டுவிட்டு மைக்கைத் தன் கையில் வைத்துக்கொண்டவர். அந்த வழியில் இரண்டே பேராகப் போகும் யூனிட்டுக்கு எஃப்3 நல்ல துணை.

உள்ளங்கை அளவுப் பெட்டி. தொழில்முறை மைக் மாட்ட இரண்டு எக்ஸ்எல்ஆர் உள்ளீடு, மெல்லிய ஒலியையும் உரத்த ஒலியையும் ஒருசேரத் தாங்கும் 32 பிட் ஃப்ளோட் பதிவு. மைக் ஒலியை ஏற்றி இறக்கும் கெயின் குமிழே இல்லை. கடலூர் முதுநகர் துறைமுகத்தில் விடிகாலையில் இதன் அருமை தெரியும். கூடைமேல் குனிந்து இரண்டு பேர் வஞ்சிரத்துக்கு விலை முணுமுணுப்பார்கள். அடுத்த நொடி ஏலம் விடுபவர் தொண்டையைத் திறப்பார், பின்னால் விசைப்படகு எஞ்சின் உறுமும். சாதாரண ரெக்கார்டரில் முணுமுணுப்புக்காக கெயினை ஏற்றினால் கூவல் கிழிந்துவிடும். இதில் இரண்டும் தங்கும். எடிட்டில் அலைவடிவம் முதலில் தலை வெட்டுப்பட்டது போலத்தான் தெரியும். அந்தத் துண்டின் ஒலி அளவை 12 டெசிபல் இறக்கினால் முகடுகள் திரும்பி வரும். அதற்கு முன் 16 பிட்டுக்கு மாற்றினால் போனது போனதுதான்.

இது எல்லாவற்றையும் காப்பாற்றும் என்று நம்பித்தான் பலர் கெடுகிறார்கள். மைக்கே திணறிக் கரகரத்தால் ஃப்ளோட் ஒன்றும் செய்யாது. கடற்காற்று தூக்கும் நேரத்தில் வெறும் ஸ்பாஞ்ச் உறை போதாது, மயிர் உறை வேண்டும். காற்று மோதும் 'டொம் டொம்' சத்தத்தைப் பிறகு எடிட்டில் நீக்க முடியாது. ஷாட்கன் மைக்கை (நேர் எதிரே வரும் ஒலியை அதிகம் வாங்கும் நீள மைக்) மூன்று மீட்டர் தள்ளிப் பிடித்தால் பேச்சைவிட ஏலக்கூடத்து எதிரொலிதான் அதிகம் விழும். பேசுபவரிடமிருந்து ஒரு மீட்டருக்குள் இருங்கள். மைக் ஃபிரேமுக்கு வெளியே, கீழிருந்து மேலாக. அளவு பார்க்க வேண்டாம் என்பதற்காக ஹெட்போனைக் கழற்றுவது மகா தப்பு. சரியாக மாட்டாத கேபிளின் கொறகொறப்பு காதுக்குத்தான் தெரியும்.

48 கிலோஹெர்ட்ஸ் ஸ்டீரியோவில் ஒரு மணி நேரத்துக்கு ஏறக்குறைய 1.4 ஜிபி. இருப்பதோ ஒரே மைக்ரோ எஸ்டி கார்டு; ஏலம் முடிந்ததும் லேப்டாப்பில் நகல் எடுத்துவிட வேண்டும். இரண்டு ஏஏ பேட்டரியில் ஓடும், ஆனால் மைக்குக்கு கேபிள் வழியே 48 வோல்ட் ஃபேன்டம் மின்சாரம் கொடுத்தால் சீக்கிரம் தீரும். இடுப்புப் பையில் பவர் பேங்க் வைத்து யூஎஸ்பி-சி வழியாகக் கொடுங்கள்.

படத்தையும் ஒலியையும் பொருத்த (சிங்க் செய்ய) கிளாப் அடித்தால் மொத்தத் துறையும் திரும்பிப் பார்க்கும். ஷாட் முடியும்போது ஃபிரேமுக்குள் மைக்கை விரலால் ஒரு தட்டு தட்டினால் போதும். கேமராவின் சொந்த மைக்கும் ஓடிக்கொண்டிருக்கட்டும். அலைவடிவத்தை வைத்து மென்பொருளே இரண்டையும் பொருத்தும். நீளமான ஷாட்டில் கடைசியில் உதட்டசைவும் குரலும் சற்று விலகலாம், அங்கே மட்டும் வெட்டி நகர்த்துங்கள்.

நாலு பேருக்குத் தனித்தனியாக காலர் மைக் மாட்ட வேண்டிய படமா? இதில் இருப்பது இரண்டே உள்ளீடு, வாங்காதீர்கள்.